ஈஜென் எரிமலைக்குப் போய்வருவது எப்படி?

பாலித் தீவுக்குப் போய்வந்தவர்கள் எல்லோரிடமும் ஊஞ்சலில் ஆடுகிற படம் ஒன்று இருக்கிறது. கோயில் வாசலில் கைகூப்பி நிற்கிற படமும் இருக்கிறது. நீங்களும் அதே இரண்டு படங்களோடு ஊர் திரும்பினால் சொந்தக்காரர்கள் ஏறெடுத்தும் பார்க்கமாட்டார்கள். கவலை வேண்டாம். பக்கத்துத் தீவான ஜாவாவின் கிழக்குக் கோடியில் காவா ஈஜென் என்றொரு எரிமலை இருக்கிறது. அதன் வாய்க்குள் நீல நிறத்தில் நெருப்பு எரிகிறது. பக்கத்திலேயே பச்சையும் நீலமுமாக ஒரு ஏரி. வழிகாட்டி உண்டு, முகமூடி உண்டு, பொட்டலத்தில் காலைச் சிற்றுண்டியும் உண்டு. மலை இன்னும் அணையவில்லை என்பதை விளம்பரத்திலேயே பெரிதாகப் போட்டிருப்பார்கள். நீங்கள் கொடுக்கிற காசு அதற்குத்தான்.

முதல்முறை போகிறவர்களுக்காகச் சில யோசனைகள்.

1. தூக்கத்தை மறந்துவிடுங்கள்

தென்பாலியில் சாயங்காலம் வண்டி ஏற்றுவார்கள். கிலிமானுக் துறைமுகத்தில் ஃபெர்ரி. அக்கரையில் கெத்தாப்பாங். ஜாவாவின் கடிகாரம் பாலியைவிட ஒரு மணி நேரம் பின்தங்கியது என்பதால், கரை இறங்கியதும் ஒரு மணி நேரம் இனாமாகக் கிடைக்கும். அதில் ஒரு குட்டித் தூக்கம் போடலாமென்று கண்ணை மூடுவீர்கள். வண்டி மலைப்பாதையில் வளைய ஆரம்பிக்கும். நடுநிசி தாண்டிப் பால்துடிங் என்ற அடிவாரத்தில் இறக்கிவிடுவார்கள். அங்கேயே உயரம் 1,850 மீட்டர்.

ஏன் இந்த அகாலத்தில்? நீல நெருப்பு இருட்டில்தான் கண்ணுக்குத் தெரியும். பகலிலும் அது எரிந்துகொண்டுதான் இருக்கிறது, வெளிச்சத்தில் தெரியாது, அவ்வளவுதான். நெருப்பில்லாமல் புகையாது என்பதை நம்பிப் பகல் பன்னிரண்டு மணிக்குப் போனால் புகையை மட்டும் பார்த்துவிட்டு வரலாம்.

2. உடல்நிலையைப் பற்றி உண்மையைச் சொல்லுங்கள்

மலையேற உடல்தகுதிச் சான்றிதழ் கேட்கிறார்கள். ரத்த அழுத்தம் பார்ப்பார்கள், மூச்சுக்கோளாறு உண்டா என்று விசாரிப்பார்கள். பெண் பார்க்கும் படலத்தில் மாப்பிள்ளையின் சர்க்கரை வியாதியைச் சாமர்த்தியமாக மறைத்த பரம்பரையில் நீங்கள் வந்திருக்கலாம். அந்தத் திறமையை இங்கே காட்ட வேண்டாம். மேலே காத்திருப்பது சல்ஃபர் டையாக்சைடு. மூக்கிலும் தொண்டையிலும் உள்ள ஈரத்தில் கரைந்து அங்கேயே அமிலமாகிறது. ஆஸ்துமாக்காரர்களை அது தேடிப்பிடிக்கும். 2018 மார்ச்சில் மலை திடீரென்று வாயுவைக் கக்கியபோது முப்பது பேர் வரை ஆஸ்பத்திரியில் சேர்க்கப்பட்டார்கள், நூற்றுக்கணக்கானவர்கள் வீட்டைவிட்டு வெளியேறினார்கள்.

3. உடுப்பும் நகையும்

இந்தோனேசியா என்றதும் வியர்வைதான் நினைவுக்கு வரும். ஈஜென் உச்சியில் விடிகாலையில் பல் கிட்டிக்கும். ஸ்வெட்டர், குல்லாய், கையுறை எல்லாம் வேண்டும். நல்ல பட்டுப்புடவையும், ஆசையாக வாங்கிய ஜாக்கெட்டும் ஓட்டலிலேயே இருக்கட்டும். கந்தக வாடை துணியில் ஏறினால் ஐந்தாறு சலவைக்கு இறங்காது.

வெள்ளி நகை கூடாது. புகையில் ஹைட்ரஜன் சல்ஃபைடும் கலந்திருக்கிறது, அது வெள்ளியைக் கறுக்கவைத்துவிடும். கொலுசைக் கழற்றிவைக்கலாம். மெட்டியைக் கழற்ற மாமியார் சம்மதிக்கமாட்டார் என்றால் கனமான காலுறை இரண்டு ஜோடி போட்டுக்கொள்ளுங்கள். பிறகு தேய்த்துக்கொள்ளலாம். கான்டாக்ட் லென்ஸ் போடுகிறவர்கள் அன்றைக்கு மட்டும் பழைய மூக்குக்கண்ணாடிக்குத் திரும்புவது நல்லது.

காலுக்கு நல்ல பிடிப்புள்ள ஷூ. வழியெல்லாம் சரளையும் மணலும். உங்களுக்கு எதிரே சாதாரண ரப்பர் பூட்ஸில், சிலசமயம் வெறும் செருப்பில், தோளில் எழுபது எண்பது கிலோ கந்தகத்தோடு தொழிலாளி ஒருவர் இறங்கி வருவார். அவரைப் பார்த்துவிட்டு, "நாம் ஏன் இவ்வளவு விலை கொடுத்து ஷூ வாங்கினோம்" என்று யோசிக்கத் தோன்றும். யோசியுங்கள், ஆனால் ஒதுங்கி நின்று யோசியுங்கள்.

4. வழிகாட்டி சொல்வதைக் கேளுங்கள்

மலையேறப் போனாலும் மச்சான் தயவு வேண்டும் என்பார்கள். இங்கே மச்சானுக்குப் பதில் வழிகாட்டி. இவர்களில் பலர் முன்பு இதே மலையில் கந்தகம் சுமந்தவர்கள். காற்று எந்தப் பக்கம் திரும்பப்போகிறது என்பது அவர்களுக்குத் தோலிலேயே தெரியும். அடிக்கடி "பெலான், பெலான்" என்பார். மெதுவாகப் போங்கள் என்று அர்த்தம். நீங்கள் ஏற்கெனவே நத்தை வேகத்தில்தான் போய்க்கொண்டிருப்பீர்கள், இருந்தாலும் சொல்வார். அது மரியாதை.

வழிகாட்டியிடம் எல்லோரும் கேட்கிற கேள்வி, "இது எப்போது வெடிக்கும்?" வேண்டாம். அவருக்குத் தெரிந்தால் அன்றைக்கு வேலைக்கு வந்திருக்கமாட்டார். பெரிதாக வெடித்தது 1817இல். அதற்குப் பிறகு அவ்வப்போது நீராவியையும் சேற்றையும் வீசுவதோடு நிறுத்திக்கொண்டிருக்கிறது. அரசின் எரிமலைக் கண்காணிப்பு அலுவலகம் மலையின் மனநிலையை நான்கு படிகளாகப் பிரித்து அறிவிக்கிறது. இரண்டாம் படிக்குப் போனாலே பள்ளத்துப் பக்கம் போகத் தடை விழும். "இவ்வளவு தூரம் வந்துவிட்டோமே, கொஞ்சம் பார்த்துவிட்டு வந்துவிடுகிறோம்" என்ற வசனம் நம் ஊர் அருங்காட்சியகத்தில் மதியச் சாப்பாட்டு நேரத்தில் எடுபடலாம். வாயுவிடம் எடுபடாது.

5. 'லம்போர்கினி'யில் ஏறலாமா?

அடிவாரத்திலிருந்து பள்ளத்தின் விளிம்புக்கு மூன்று கிலோமீட்டர், ஐநூறு மீட்டருக்கு மேல் ஏற்றம். முதல் இரண்டு கிலோமீட்டர்தான் செங்குத்து. சரியாக அங்கே, உங்கள் முகம் சுருங்கும் இடம் பார்த்து, இருட்டிலிருந்து ஒரு குரல் வரும்: "டாக்ஸி, மிஸ்டர்? லம்போர்கினி?"

இரண்டு சக்கரத் தள்ளுவண்டி. கந்தகத்தை விளிம்பிலிருந்து கீழே கொண்டுபோகத் தொழிலாளர்களில் பலர் பயன்படுத்துவது. இப்போது அதில் ஒரு மெத்தையைப் போட்டுச் சுற்றுலாப் பயணிகளையும் ஏற்றுகிறார்கள். முன்னால் ஒருவர் தோளில் கயிற்றை மாட்டிக்கொண்டு இழுப்பார், பின்னால் ஒருவரோ இருவரோ தள்ளுவார்கள். நடுவில் போர்வை போர்த்திக்கொண்டு நீங்கள்.

பெரும்பாலான குடும்பங்களில் இந்த இடத்தில் ஒரு விவாதம் நடக்கும்.

"ஏங்க, எனக்கு முட்டி வலிக்குது."

"அவ்வளவு கேக்குறான்மா. லட்சத்துல சொல்றான்."

"அது அவங்க ஊர் லட்சம்தானே?"

"ஊருக்குப் போய்ப் போட்டோவைப் பார்த்து நாலு பேர் என்ன சொல்வாங்க?"

"நீங்க போட்டோ எடுக்காதீங்க."

தயக்கம் நியாயமானதுதான். மனிதன் இழுக்கிற வண்டியில் மனிதன் உட்காருவது உறுத்தத்தான் செய்யும். ஆனால் உறுத்தலுக்கு முன்னால் கொஞ்சம் கணக்கும் போட்டுப் பார்ப்பது நல்லது. கந்தகத்துக்கு வண்டி இழுப்பவருக்குக் கிடைப்பது கிலோவுக்கு ஆயிரம் ரூபியாவை ஒட்டி, நம் காசுக்கு ஐந்தாறு ரூபாய். எழுபத்தைந்து கிலோ கொண்டுவந்தால் நானூறு ரூபாய் பக்கம் தேறும். உங்கள் எடையும் அவ்வளவுதான் இருக்கும். உங்களை ஏற்றி இறக்கினால், கூட்டாளிகளோடு பங்கு போட்ட பிறகும் கந்தகத்தைவிடப் பல மடங்கு மிஞ்சும். போதாததற்கு நீங்கள் தொண்டையை எரிக்கமாட்டீர்கள். பிறந்ததிலிருந்து உங்களை இவ்வளவு லாபகரமான சரக்காக யாரும் கருதியிருக்கமாட்டார்கள். ஆகவே முடியாதவர்கள் ஏறுங்கள், பேசிய காசைக் கொடுங்கள். இறங்குமிடத்தில் பேரம் பேசுவது மட்டும் வேண்டாம்.

உடம்பில் தெம்பு இருந்தும் வெறும் வீடியோவுக்காக ஏறுகிறவர்களுக்கு இந்தக் கையேட்டில் யோசனை எதுவும் இல்லை.

6. முகமூடி

கொரோனா காலத்தில் மிச்சமான முகக்கவசம் வீட்டில் கட்டுக்கட்டாக இருக்கிறது, அதை எடுத்துப்போகலாமா? தாராளமாக, குளிருக்கு இதமாக இருக்கும். வாயுவை அது நிறுத்தாது. தூசி வேறு, வாயு வேறு. அமில வாயுவுக்கென்று பக்கவாட்டில் இரண்டு டப்பா வைத்த ரப்பர் முகமூடி இருக்கிறது, வழிகாட்டி வாடகைக்குத் தருவார். அந்த டப்பாவுக்கும் ஆயுள் உண்டு. தீர்ந்துபோன டப்பாவோடு போட்டுக்கொண்டால் முகத்துக்கு அலங்காரம், அவ்வளவுதான். கொடுத்ததும் வாங்கி மாட்டாமல், "டப்பா எப்போது மாற்றினது?" என்று கேளுங்கள்.

புகை உங்கள் பக்கம் திரும்பினால் ஓடாதீர்கள். காலடியில் உருளும் பாறையும், பக்கத்தில் பள்ளமும் இருக்கும். முகத்தைத் திருப்பிக்கொண்டு, கண்ணை மூடிக்கொண்டு நின்ற இடத்தில் நில்லுங்கள். குனிந்து உட்காரவும் வேண்டாம். இந்த வாயு காற்றைவிடக் கனமானது, கீழேதான் தேங்கும். ஒன்றிரண்டு நிமிடத்தில் காற்று மாறிவிடும். அதுவரை இருமலோடு இருமலாக, இந்த யோசனையை முதலில் சொன்னது யார் என்று குடும்பத்துக்குள் விசாரணை நடத்திக்கொள்ளலாம்.

7. பள்ளத்துக்குள் இறங்குவது

2,386 மீட்டரில் விளிம்பு வரும். அங்கே பார்வையாளர்கள் உள்ளே இறங்கக்கூடாது என்று ஒரு பலகை பல வருடங்களாக நின்றிருக்கிறது. அதன் பக்கத்தில் நின்று படம் எடுத்துக்கொண்டு உள்ளே இறங்குவதுதான் வழக்கமாக இருந்துவந்திருக்கிறது. அன்றைக்கு அனுமதி உண்டா என்பதைப் பலகையிடமும் முன்னால் போகிற கூட்டத்திடமும் கேட்காதீர்கள், வழிகாட்டியிடம் கேளுங்கள். இல்லை என்று அவர் சொன்னால், பக்கத்துக் குழு ஜோராக இறங்குவதைக் காட்டி வாதாடவேண்டாம்.

இறங்குகிற பாதை ஒற்றையடி, முழுவதும் கல். இங்கே ஒரே சட்டம்: சுமையோடு வருகிறவருக்கு வழி விடவேண்டும். வழி விடுவதென்றால் பள்ளத்துப் பக்கம் சாய்ந்து நிற்பதல்ல. மலைச்சுவரோடு முதுகை ஒட்டிக்கொண்டு நில்லுங்கள். அவர் காவடித்தண்டின் இரண்டு பக்கமும் மூங்கில் கூடை, கூடை நிறைய மஞ்சள் கட்டிகள். தண்டு ஒவ்வொரு அடிக்கும் கிறீச்சிடும். அந்தச் சத்தம் கேட்டதும் ஒதுங்குவதற்குத் தயாராகுங்கள். அவர் நின்றால் மறுபடி அந்த எடையைத் தூக்கி ஓட்டத்துக்குக் கொண்டுவரவேண்டும். நீங்கள் நிற்பதால் ஒன்றும் ஆகாது, மூச்சு வாங்க ஒரு சாக்குக் கிடைக்கும்.

அடியில் நீங்கள் பார்க்க வந்த நெருப்பு. பூமிக்குள்ளிருந்து கந்தக வாயு சிலசமயம் 600 டிகிரி செல்சியஸ் சூட்டில் பீறிட்டு வந்து, காற்றுப் பட்டதும் பற்றிக்கொள்கிறது. ஐந்து மீட்டர் உயரம்கூட எழும்பும். எரிமலைக் குழம்பே நீலம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். எரிவது கந்தகம், குழம்பு அல்ல.

அங்கேயே வேலையும் நடந்துகொண்டிருக்கும். வாயு வெளிவரும் வாய்களில் குழாய்களைப் பதித்திருக்கிறார்கள். வாயு குழாய்க்குள் ஆறி, ரத்தச் சிவப்பில் திரவமாகச் சொட்டுகிறது. தரையில் விழுந்து ஆற ஆற ஆரஞ்சாகி, கடைசியில் மஞ்சள் பாறையாகிறது. தொழிலாளி ஈரத்துணியைப் பல்லில் கடித்துக்கொண்டு, கடப்பாறையால் அதைப் பெயர்க்கிறார். பெயர்த்த கட்டிகளைக் கூடையில் அடுக்குவதும் ஒரு வித்தை. பெரிய கட்டிகள் ஓரத்தில், சின்னவை நடுவில், இரண்டு கூடையும் ஒரே எடை. ஒரு பக்கம் ஒரு கிலோ கூடினாலும் தோள் காட்டிக்கொடுத்துவிடும்.

அவர் கண்ணில் உங்கள் நீல நெருப்பு எப்படித் தெரியும் என்று ஒரு நிமிடம் பாருங்கள். எரிந்துபோன கந்தகத்தை யாரும் எடைபோட்டு வாங்குவதில்லை. நெருப்பு எவ்வளவு அழகோ அவ்வளவு கைநஷ்டம். நீங்கள் "ஆகா" என்று கத்தும்போது அவர் ஏன் கூடவே கத்தவில்லை என்று குறைப்படாதீர்கள்.

கூடையைத் தூக்கிப் பார்க்க ஆசைப்படுகிறவர்கள் கேட்டுவிட்டுத் தூக்குங்கள். இடுப்பு உங்களுடையது. அரை அங்குலம் தரையிலிருந்து எழுந்தால் வெற்றி. "எப்படித்தான் தூக்குறாங்களோ" என்று சொல்லாதீர்கள், அந்த வசனத்தை அவர் எல்லா மொழியிலும் கேட்டாயிற்று.

8. ஏரி

ஆழம் தெரியாமல் காலை விடாதே என்று பாட்டி சொல்லியிருப்பார். இங்கே ஆழம் தெரியும், சுமார் 200 மீட்டர். ஆனாலும் காலை விடக்கூடாது. ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர் அகலத்துக்கு விரிந்துகிடக்கும் அந்தத் தண்ணீர், கார் பேட்டரியில் ஊற்றுகிற அமிலத்தோடு போட்டி போடக்கூடியது. இவ்வளவு கடுமையான அமில ஏரிகளில் உலகத்திலேயே இதுதான் பெரியது. 2008இல் ஜார்ஜ் குரூனிஸ் என்ற கனடாக்காரர் ரப்பர் படகில் நடுவே போய் அளந்தார். பி.எச். 0.13 என்று வந்தது. எலுமிச்சைச் சாறே 2 பக்கம்தான். ஆகவே கை நனைப்பது, தீர்த்தம் தெளித்துக்கொள்வது, குழந்தை பெயரில் காசு போடுவது எல்லாவற்றையும் தவிர்க்கவும். விடிந்ததும் விளிம்பிலிருந்து பாருங்கள், அங்கிருந்துதான் நிறமும் நன்றாகத் தெரியும்.

9. படம் எடுத்தல்

விளிம்பில் நின்று பின்னால் ஓர் அடி வைக்காதீர்கள். இதை விளையாட்டாகச் சொல்லவில்லை. 2024 ஏப்ரலில் சூரிய உதயம் பார்க்க வந்த ஒரு பெண், படத்துக்கு நிற்கும்போது பின்னால் நகர்ந்து, உடை காலில் சிக்கி, எழுபத்தைந்து மீட்டர் பள்ளத்தில் விழுந்து இறந்துபோனார். விளிம்பிலிருந்து தள்ளி நிற்கும்படி வழிகாட்டி முன்பே எச்சரித்திருந்தார்.

தொழிலாளியைப் படம் எடுப்பதென்றால் முதலில் கேளுங்கள், பிறகு கொஞ்சம் பணம் கொடுங்கள். "போட்டோவுக்கு எதற்குக் காசு?" என்பவர்கள், கல்யாண போட்டோகிராபரிடம் இதே கேள்வியைக் கேட்டுப் பார்த்துவிட்டு வரலாம்.

10. நினைவுப்பொருள்

திரவக் கந்தகத்தை அச்சில் ஊற்றி ஆமை, பூ என்று செய்து வழியில் விற்பார்கள். கைக்கு அடக்கமாக, பளிச்சென்ற மஞ்சளில் ஆசையாக இருக்கும். வாங்குங்கள், காசு தொழிலாளி கைக்கே போகிறது. ஆனால் விமானத்தில் விடுவார்களா என்று முதலில் கேட்டுக்கொள்ளுங்கள். கந்தகம் தீப்பற்றும் பொருள். ஆமையை அங்கேயே யாராவது குழந்தைக்குக் கொடுத்துவிடலாம் என்றால், எரிமலைப் பக்கத்துக் குழந்தை அதை வாங்குமா என்பது சந்தேகம். எப்படியும் சிவகாசி இருக்கிற மாநிலத்துக்குக் கந்தகம் கொண்டுவருவது கொல்லன் தெருவில் ஊசி விற்கிற கதைதான்.

11. இறங்கிய பிறகு

பாதி வழியில் பொண்டோக் புண்டர் என்றொரு வட்டக் கட்டடம். டச்சுக்காரர் காலத்தது. கந்தகத்தை எடைபோடும் இடமாக இருந்துவந்தது. அங்கே காபி கிடைக்கும். டச்சுக்காரர்கள் இந்த மலைமேட்டில் வைத்துப்போன காபித் தோட்டங்கள் இன்றும் இருக்கின்றன. சர்க்கரை தூக்கலாகப் போடுவார்கள். வெள்ளைவெளேரென்ற சர்க்கரை. கரும்புச்சாறை வெளுக்கவைக்கக் கந்தகப் புகை வேண்டும். ஈஜென் கந்தகத்தில் ஒரு பங்கு அந்த வேலைக்குத்தான் ஆலைகளுக்குப் போகிறது. ஆகவே காபியைக் குடித்துக்கொண்டே, இந்தத் தொழிலை எல்லாம் ஏன் அரசாங்கம் தடை செய்யக்கூடாது என்று ஆவேசப்படுவதாக இருந்தால், சர்க்கரை இல்லாமல் குடித்துவிட்டு ஆவேசப்படுங்கள்.

2023இல் யுனெஸ்கோ இந்த மலையை உலகப் புவிப்பூங்காக்களில் ஒன்றாக அறிவித்துவிட்டது. இனிமேல் கூட்டம் கூடத்தான் செய்யும். அதில் கெடுதல் இல்லை. கந்தகம் சுமந்தவர் வழிகாட்டியாகி, அவர் மகன் ஓட்டல் வைத்தால் எல்லோருக்கும் நல்லது. 2011 வரையிலான நாற்பது ஆண்டுகளில் இந்தப் பள்ளத்தின் வாயுவில் மூச்சுத்திணறி இறந்த தொழிலாளிகள் எழுபதுக்கும் மேல். உங்களுக்கு ஓர் இரவுக்கு வாடகைக்குக் கிடைக்கிற முகமூடியை அவர்களில் பலர் தொட்டுக்கூடப் பார்த்திருக்கமாட்டார்கள்.

கடைசியாக, அதிகம் பேர் கேட்கிற ஒரு சந்தேகம்

"முகமூடியை அங்கேயே தொழிலாளிக்குக் கொடுத்துவிட்டு வரலாமா?"

வாடகை முகமூடி என்றால் முடியாது, வழிகாட்டியின் கணக்கில் கழியும். சொந்தமாக வாங்கிக்கொண்டு போனதென்றால் தாராளமாகக் கொடுங்கள். ஆனால் நீங்கள் ஒரு ராத்திரி முழுக்க மூச்சுவிட்டுத் தீர்த்த டப்பாவோடு கொடுக்காதீர்கள். பிரிக்காத டப்பா ஒரு ஜோடி கூட வாங்கிப்போங்கள். ஃபெர்ரிக்கென்று எடுத்துப்போகும் கூல்ட்ரிங்க்ஸில் ஒரு பாட்டிலைக் குறைத்துக்கொண்டால் பெட்டியில் இடம் வந்துவிடும்.